வார நாள் இரவுக்குப் பீட்சா கேசரோல்: சேலம், ஏற்காட்டுச் சமையலறைகளுக்கான கேள்வி பதில்கள்

அரைவேக்காடாக எடுத்த பாஸ்தா, கெட்டியான தக்காளிச் சாஸ், வதக்கிய காய்கள் ஆகியவற்றை ஒரே தட்டில் கலந்து பரப்பி, மேலே மொசரெல்லா சீஸைத் துருவித் தூவி, ஓவனில் வைத்துச் சுட்டெடுக்கும் உணவே பீட்சா கேசரோல். அமெரிக்க வீடுகளில் வேலை நாள் இரவுகளில் பரவலாகச் செய்யப்படும் இந்த உணவைச் சேலம் நகரத்திலும் சேர்வராயன் மலையிலும் செய்து பார்க்க விரும்புகிறவர்களுக்கு எழும் ஐயங்களுக்கு இங்கே விடை தருகிறேன். தட்டுக்குள் எவ்வளவு தண்ணீர் போகிறது என்பதில் கவனம் வைத்தால் இந்த உணவு தவறுவதே இல்லை என்பது என் உறுதியான கருத்து. பதில்கள் பலவும் அந்த இடத்துக்கே வந்து சேர்வதை நீங்கள் காண்பீர்கள்.

பீட்சாவையே செய்துவிடலாமே, கேசரோல் எதற்கு?

நேப்பிள்ஸ் நகரத்து மரபுப்படி பீட்சா, விறகடுப்பில் 430 முதல் 480 டிகிரி செல்சியஸ் வரையிலான வெப்பத்தில், ஒன்று அல்லது ஒன்றரை நிமிடத்தில் வெந்துவிடுகிறது. அந்தக் கைத்திறனை யுனெஸ்கோ 2017ஆம் ஆண்டு தனது பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. நம் வீடுகளில் உள்ள ஓடிஜி என்னும் சிறு மின் அடுப்புகளோ பெரும்பாலும் 230 அல்லது 250 டிகிரியோடு நின்றுவிடுகின்றன. அந்தச் சூட்டில் பீட்சா வேகப் பத்துப் பதினைந்து நிமிடமாகிறது. அதற்குள் மாவின் ஈரம் வற்றி, அடிப்பாகம் முறுகுவதற்குப் பதிலாக வறண்டு போகிறது. கேசரோலுக்கு 190 டிகிரியே போதும். மாவு பிசைந்து, ஈஸ்ட் பொங்கக் காத்திருந்து, வட்டமாகத் தேய்க்கும் வேலையும் இல்லை. அலுவலகத்திலிருந்து ஏழு மணிக்கு வீடு திரும்புகிறவர் எட்டு மணிக்குப் பரிமாறிவிடலாம். வீட்டு ஓவனின் வலுவுக்குப் பொருந்துவது இதுதான்.

நான்கு பேருக்கு என்ன அளவில் எடுத்துக்கொள்வது?

பென்னே அல்லது சுருள் பாஸ்தா 250 கிராம், கெட்டியான தக்காளிச் சாஸ் இரண்டரைக் கப், மொசரெல்லா 200 கிராம், பெரிய வெங்காயம் ஒன்று, குடைமிளகாய் ஒன்று, மொட்டுக் காளான் ஒரு பாக்கெட், எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி, காய்ச்சிய பால் கால் கப் ஆகியவை போதுமானவை. பாலைச் சாஸில் கலந்து, சீஸில் மூன்றில் ஒரு பங்கைப் பாஸ்தாவோடு கலந்துவிட்டு மீதியை மேலே தூவுங்கள். முழுவதையும் மேலேயே போட்டால் மேல்பகுதி கனத்து, உள்ளே வெறும் சாஸ் பாஸ்தாவாக இருக்கும். ஒன்பது அங்குலச் சதுரத் தட்டு, அல்லது இரண்டு லிட்டர் கொள்ளும் எந்தத் தட்டும் இந்த அளவுக்குச் சரியாக இருக்கும். ஓவனை 190 டிகிரிக்குச் சூடேற்றி, அலுமினியத் தாளால் மூடிப் பத்து நிமிடமும், திறந்து பத்து அல்லது பன்னிரண்டு நிமிடமும் வையுங்கள். ஓரங்களில் சாஸ் கொதித்துக் குமிழ்விட்டு, சீஸின் மேல் ஆங்காங்கே பொன்னிறப் புள்ளிகள் தெரிந்தால் வெந்துவிட்டது என்று பொருள்.

வெளியே எடுத்ததும் பரிமாறக் கூடாது. எட்டு நிமிடமாவது அப்படியே விடுங்கள். அந்த நேரத்தில்தான் பாஸ்தா மீதிச் சாஸை உறிஞ்சிக்கொண்டு, வெட்டினால் துண்டாக எழும் பக்குவத்துக்கு வருகிறது.

மொத்தம் எவ்வளவு நேரம் பிடிக்கும்?

சாஸ் தயாராக இருந்தால் ஏறத்தாழ ஐம்பது நிமிடம் ஆகும். அதில் நீங்கள் அடுப்பருகே நின்று வேலை செய்ய வேண்டியது இருபது நிமிடம்தான். சாஸையும் அன்றே செய்வதென்றால் கூடுதலாக அரை மணி நேரம் தேவைப்படும். ஆகவே சாஸை ஞாயிற்றுக்கிழமையே செய்து வைத்துவிடுவதுதான் வார நாளை எளிதாக்கும் உண்மையான வழி. பாஸ்தாவுக்குத் தண்ணீர் கொதிக்கும் நேரத்திலேயே ஓவனையும் முடுக்கிவிடுங்கள்.

சாஸுக்கு நாட்டுத் தக்காளி நல்லதா, பெங்களூர் தக்காளி நல்லதா?

இரண்டையும் கலப்பதே நல்லது. நாட்டுத் தக்காளியில் புளிப்பும் மணமும் மிகுதி, சாறும் மிகுதி. பெங்களூர் தக்காளியில் சதை கெட்டி, விதையும் நீரும் குறைவு, ஆனால் சுவை சற்று மந்தம். ஒரு கிலோவில் பாதிக்குப் பாதி எடுத்தால் சுவையும் கிடைக்கும், விரைவில் கெட்டியும் ஆகும். அஸ்தம்பட்டி, சூரமங்கலம் உழவர் சந்தைகளுக்குக் காலையிலேயே செல்கிறவர்கள் நன்றாகச் சிவந்து, கையில் அழுத்தினால் இலேசாக அமுங்கும் பழங்களைப் பொறுக்கி எடுங்கள். காம்புப் பக்கம் பச்சையாக இருப்பவை சாஸை வெறும் புளிப்பாக்கிவிடும்.

பழங்களின் மேல் கீறிவிட்டுக் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டுத் தோலை உரியுங்கள். மிக்ஸியில் நைஸாக அரைக்காமல், ஒன்றிரண்டாக ஒருமுறை ஓட்டினால் போதும். எண்ணெயில் பொடியாக நறுக்கிய பூண்டு எட்டுப் பல்லையும் வெங்காயம் ஒன்றையும் நிறம் மாறாமல் வதக்கி, தக்காளியை ஊற்றி, உப்பும் இடித்த காய்ந்த மிளகாயும் சேர்த்து, அகலமான வாணலியில் மூடாமல் இருபத்தைந்து அல்லது முப்பது நிமிடம் கொதிக்க விடுங்கள். வாய் அகன்ற பாத்திரம் என்பது இங்கே முக்கியம், ஏனெனில் நீர் ஆவியாகும் பரப்பு அதில்தான் அதிகம். குக்கரில் வைத்தால் தக்காளி வேகுமே தவிர நீர் வற்றாது. கரண்டியால் வாணலியின் நடுவே ஒரு கோடு இழுத்தால் அது உடனே மூடிக்கொள்ளாமல் ஓரிரு நொடி நிற்க வேண்டும். கோட்டின் ஓரத்திலிருந்து தண்ணீர் தனியே கசிந்தால் இன்னும் கொதிக்க வேண்டும். புளிப்பு தூக்கலாக இருந்தால் அரைத் தேக்கரண்டி நாட்டுச்சர்க்கரை அதைச் சமன்செய்யும். ஒரு கிலோ தக்காளியிலிருந்து ஏறத்தாழ இரண்டரைக் கப் சாஸ் கிடைக்கும். குளிர்சாதனப் பெட்டியில் நான்கு நாளும் உறைநிலைப் பெட்டியில் இரண்டு மூன்று மாதமும் தாங்கும்.

சுட்டெடுத்த பிறகு தட்டின் அடியில் தண்ணீர் தேங்குவது ஏன்?

இந்த உணவைக் குறித்து மிக அதிகமாகக் கேட்கப்படும் கேள்வி இதுதான். பொதுவான காரணங்கள் மூன்று: சாஸ் போதுமான அளவு வற்றவில்லை, பாஸ்தாவை வடிகட்டியபோது அதன் குழாய்க்குள் தங்கிய நீர் வெளியேறவில்லை, அல்லது காய்கள் தட்டுக்குள்ளேயே நீர் விட்டன. இவற்றுள் மூன்றாவதே பெரும்பாலும் குற்றவாளி. காளானின் எடையில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். அதைப் பச்சையாகத் தட்டில் போட்டால் அந்த நீரெல்லாம் சாஸில்தான் இறங்கும். அகலமான வாணலியைப் புகையும் அளவுக்குச் சூடாக்கி, காளானை நெருக்கமில்லாமல் பரப்பி, உப்புப் போடாமல், முதலில் விடும் நீர் முழுதும் வற்றி ஓரங்கள் சிவக்கும் வரை வதக்குங்கள். அதன் பிறகு வெங்காயத்தையும் குடைமிளகாயையும் போட்டு இரண்டு நிமிடம் புரட்டினால் போதும்.

பசலைக்கீரை சேர்க்க விரும்பினால் வதக்கி, ஆறியதும் கையால் பிழிந்துவிட்டுச் சேர்க்க வேண்டும். சுரைக்காய், சௌசௌ போன்றவை இதற்கு ஏற்றவை அல்ல என்பது என் எண்ணம். புட்டியில் வரும் ஆலிவ், டப்பாவில் வரும் சோளம் ஆகியவற்றையும் வடிகட்டி, துணியில் ஒற்றிய பிறகே போடுங்கள்.

பாஸ்தாவை எவ்வளவு வேகவைப்பது?

உறையில் எழுதியிருக்கும் நேரத்தைவிட மூன்று நிமிடம் முன்னதாகவே எடுத்துவிடுங்கள். பதினொரு நிமிடம் என்றிருந்தால் எட்டு நிமிடம். கடித்தால் நடுவில் வெள்ளைப் புள்ளியாக மாவு தெரிய வேண்டும். மீதி வேக்காடு ஓவனுக்குள், சாஸின் ஈரத்தில் நடக்கும்; முழுதாக வேகவைத்த பாஸ்தா அந்த இருபது நிமிடத்தில் குழைந்து களியாகிவிடும். தண்ணீர் தாராளமாக, இரண்டரை லிட்டராவது இருக்கட்டும். ஒரு மேசைக்கரண்டிக் கல்லுப்புச் சேருங்கள். உறையில் டுரம் கோதுமை ரவை என்று அச்சிட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். சில்லறையாகக் கிடைக்கும் மைதா மக்ரோனி மலிவானதுதான், ஆனால் இரண்டு முறை வேகும் இந்த உணவில் அது தாக்குப்பிடிப்பதில்லை.

எந்தச் சீஸ் வாங்குவது? பன்னீர் போட்டால் போதாதா?

பீட்சாவுக்கென்று கட்டியாகவோ துருவலாகவோ விற்கப்படும் நீர் குறைந்த மொசரெல்லா வேண்டும். கட்டியாக வாங்கி வீட்டில் துருவுவது மேல். துருவலாக வருவதில் இழைகள் ஒட்டாதிருக்க மாவுப்பொருள் தூவியிருப்பார்கள், ஆகவே அது சற்று மெதுவாக உருகும். தண்ணீரில் மிதக்கும் உருண்டை மொசரெல்லாவை இதற்குப் பயன்படுத்தினால் முன்னே சொன்ன தேங்கும் நீர்ச் சிக்கல் மீண்டும் வந்துவிடும். பன்னீர் சூட்டில் உருகாது. அமிலத்தால் திரிக்கப்பட்ட பால் அப்படித்தான் நடந்துகொள்ளும். எனவே மேற்பூச்சுக்கு அது ஆகாது. சிறு சதுரங்களாக வெட்டி உள்ளே கலந்தால் சுவையாகவே இருக்கும். ரொட்டிக்கு வைக்கும் சதுரச் சீஸ் உருகும், ஆனால் இழையாது, சிறிதளவு கலக்கலாம்.

சீஸ் ரப்பர் போல இறுகி, மேலே எண்ணெய் மிதந்தால், நெடுநேரம் சுட்டுவிட்டீர்கள் என்று அறியலாம்.

ஓரிகானோ கிடைக்கவில்லையென்றால்?

சாஸுக்குப் பீட்சா மணம் தரும் இந்தக் காய்ந்த இலை பெரிய கடைகளில் எளிதில் கிடைக்கிறது. இல்லாத நாளில் ஓமத்தைக் கால் தேக்கரண்டி கையில் கசக்கிச் சாஸில் போடுங்கள். ஓமத்திலும் ஓரிகானோவிலும் தைமால் என்னும் மணப்பொருள் இருப்பதால் வாசனை நெருங்கி வரும். வீட்டுத் தொட்டியில் கற்பூரவல்லி இருந்தால் ஒரே ஓர் இலையைப் பொடியாக நறுக்கிச் சாஸ் கொதிக்கும்போது சேர்க்கலாம். அதற்கு மேல் போனால் கஷாய நெடி அடிக்கும். பேசில் இலைக்குத் துளசி மாற்றாகாது. திருநீற்றுப்பச்சிலை அதே செடியினத்தைச் சேர்ந்தது, ஆகவே அதை இறக்கும் நேரத்தில் கிள்ளிப் போடலாம். மிளகு மட்டும் ஏற்காட்டுத் தோட்டத்து மிளகாக, அப்போதே இடித்ததாக இருக்கட்டும். காப்பித் தோட்டங்களில் நிழல் மரங்களின் மேல் படர்ந்து விளையும் அந்த மிளகு கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, உறையில் அடைத்த பொடியைத் தேட வேண்டியதில்லை.

எந்தப் பாத்திரத்தில் சுடுவது? சப்பாத்தி வைக்கும் கேசரோலை ஓவனில் வைக்கலாமா?

கூடவே கூடாது. சப்பாத்தி சூடாக இருக்க வைக்கும் கேசரோலின் வெளிப்பக்கம் பிளாஸ்டிக். உள்ளே எஃகு தெரிந்தாலும் இடையில் நுரைப்பொருள் இருக்கிறது, ஓவனில் உருகிவிடும். போரோசிலிகேட் கண்ணாடித் தட்டு, கைப்பிடியில் பிளாஸ்டிக் இல்லாத எஃகுத் தட்டு, அலுமினிய கேக் தட்டு ஆகிய மூன்றும் ஏற்றவை. அலுமினியத்தில் தக்காளிச் சாஸை இரவு முழுதும் வைத்தால் புளிப்பு உலோகத்தை அரித்து, சுவை கெடும். பரிமாறி முடிந்ததும் வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிடுங்கள்.

வீட்டில் ஓவன் இல்லை. கேஸ் அடுப்பில் செய்ய முடியுமா?

முடியும். கனமான அடிப்பாகமுள்ள அகன்ற பாத்திரத்தில் ஒரு கப் கல்லுப்பைப் பரப்பி, மேலே ஒரு வளையத்தை வைத்து, மூடிப் பத்து நிமிடம் மிதமான தீயில் சூடாக்குங்கள். பிறகு தட்டை வளையத்தின் மேல் வைத்து மூடி, சிறுதீயில் இருபத்தைந்து நிமிடம் விடுங்கள். பிரஷர் குக்கரைப் பயன்படுத்துவோர் காஸ்கெட்டையும் வெயிட்டையும் கட்டாயம் கழற்றிவிட வேண்டும்; ஆனாலும் மெல்லிய அலுமினியக் குக்கர் தண்ணீரின்றிக் காய்ந்தால் வளைந்துவிடும் என்பதால் பழைய கனத்த பாத்திரமே மேல் என்பேன். இந்த முறையில் சீஸ் உருகும், சிவக்காது. சிவக்க வேண்டுமென்றால் இரும்புத் தோசைக்கல்லை நன்றாகக் காயவைத்து, தட்டின் விளிம்பின் மேல் இரண்டு நிமிடம் கவனமாகக் கவிழ்த்து வைக்கலாம். கண்ணாடித் தட்டில் இதைச் செய்யாதீர்கள்.

கன்வெக்ஷன் இல்லாத சாதாரண மைக்ரோவேவிலும் சீஸ் உருகும், நிறம் மட்டும் வராது.

ஏற்காட்டில் செய்யும்போது ஏதேனும் மாற்ற வேண்டுமா?

ஏற்காடு கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே காற்றழுத்தம் குறைவு. அதனால் தண்ணீர் 95 டிகிரி செல்சியஸ் அளவிலேயே கொதித்துவிடும், ஆனால் சேலத்தில் 99 டிகிரிக்கு நெருக்கமாகப் போகும். தண்ணீர் தளதளவென்று கொதிப்பது போலத் தெரிந்தாலும் அதன் சூடு குறைவுதான். ஆகவே பாஸ்தாவைச் சேலத்து நேரத்தைவிட ஒன்றிரண்டு நிமிடம் கூடுதலாக வேகவிட்டு, கடித்துப் பார்த்தே முடிவு செய்ய வேண்டும். ஓவனின் வெப்பத்தை மாற்ற வேண்டியதில்லை. ஆனால் உயரத்தில் ஈரம் விரைவாக ஆவியாகும்; அலுமினியத் தாள் மூடியிருக்கும் நேரத்தைப் பதினைந்து நிமிடமாக்கி, சாஸில் கூடுதலாக இரண்டு மேசைக்கரண்டி பால் சேர்த்தால் ஓரங்கள் வறளாது.

குளிர்கால இரவுகளில் தட்டு மேசைக்கு வருவதற்குள் சீஸ் இறுகத் தொடங்கும். எட்டு நிமிடம் ஆறவிடுவதை ஓவனை அணைத்துவிட்டு, கதவைச் சற்றே திறந்து, உள்ளேயே நடக்கவிடுங்கள்; பரிமாறும் தட்டுகளையும் வெந்நீரில் அலசித் துடைத்து எடுங்கள்.

மின்னழுத்தம் குறைந்தாலோ மின்சாரம் போனாலோ என்ன செய்வது?

ஓடிஜியின் கம்பி தரும் வெப்பம் மின்னழுத்தத்தின் வர்க்கத்துக்கு ஏற்ப மாறும். 230 வோல்ட்டுக்குப் பதிலாக 190 வோல்ட் வந்தால், வெப்பம் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்காகிவிடும். அத்தகைய மாலைகளில் குறிப்பிலுள்ள நிமிடக் கணக்கை நம்பாமல் ஓரக் குமிழையும் பொன்னிறத்தையும் பார்த்தே இறக்குங்கள். வீட்டு இன்வெர்ட்டர்களில் ஓடிஜியை ஓட்ட முடியாது. விளக்குக்கும் மின்விசிறிக்கும் என்று அளவிட்டவை அவை. ஓவனைப் பதினாறு ஆம்பியர் பிளக்கில் மட்டுமே பொருத்துங்கள். பாதியில் மின்சாரம் போனால் கதவைத் திறக்காமல் கால் மணி நேரம் காத்திருங்கள், உள்ளிருக்கும் சூடே ஓரளவு வேகவைக்கும். அதற்கு மேலும் வராவிட்டால், எஃகு அல்லது அலுமினியத் தட்டாக இருந்தால் அதை முன்னே சொன்ன கேஸ் அடுப்பு முறைக்கு மாற்றிக்கொள்ளலாம்.

காலையிலேயே அடுக்கி வைத்துவிட்டு மாலையில் சுடலாமா?

தாராளமாகச் செய்யலாம், இரண்டு திருத்தங்களோடு. பகல் முழுதும் பாஸ்தா சாஸை உறிஞ்சிக்கொண்டே இருக்கும் என்பதால் அரைக் கப் பாலோ பாஸ்தா வடித்த நீரோ கூடுதலாகக் கலந்து வையுங்கள். நீரைக் கூட்டச் சொல்லும் இடம் இந்தப் பக்கத்தில் இதுதான் பெரிது. மேல் சீஸைச் சுடும் நேரத்தில் தூவுங்கள். குளிர்ந்த கண்ணாடித் தட்டைச் சூடான ஓவனுக்குள் நேராக வைத்தால் விரிசல் விடக்கூடும். அரை மணி நேரம் வெளியே வைத்திருந்து பிறகு உள்ளே வையுங்கள்.

புரட்டாசியில் இதைச் சாப்பிடலாமா?

சீஸ் செய்யப் பாலைத் திரிக்கும் ரென்னெட் என்னும் பொருள் கன்றின் வயிற்றிலிருந்தும் எடுக்கப்படுவது உண்டு, நுண்ணுயிரிகளிலிருந்தும் எடுக்கப்படுவது உண்டு. உறையில் பச்சை வட்டக் குறி இருந்தால் சைவ வகை. வெளிநாட்டுச் சீஸ் வாங்கும்போது இதைத் தவறாமல் பாருங்கள். பாஸ்தாவில் சில வகைகளில் முட்டை சேர்ப்பார்கள். அங்கும் அதே பச்சைக் குறியே வழிகாட்டி.

சிக்கன் சேர்ப்பது எப்படி?

பச்சைச் சிக்கனைக் கேசரோலுக்குள் போடாதீர்கள். இருபது நிமிடச் சூட்டில் துண்டுகளின் உட்பகுதி 74 டிகிரியை எட்டும் என்ற உறுதி இல்லை. அத்துடன் அது விடும் நீரும் சாஸைக் கெடுக்கும். முன்பே முழுதாக வெந்த சிக்கனை நாராகப் பிய்த்துச் சேருங்கள். மதியம் செய்த பள்ளிபாளையம் சிக்கன் மீதமிருந்தால் அதைவிடச் சிறந்த சேர்க்கை எனக்குத் தெரிந்து இல்லை: மசாலாப் பொடியின் கனமில்லாமல் மிளகாயும் சின்ன வெங்காயமும் மட்டும் ஏறிய இறைச்சி தக்காளியோடு அழகாகச் சேர்கிறது. முழு மிளகாய்களை எடுத்துவிட்டு, தேங்காய்ப் பற்களை விரும்பினால் விட்டுவிடுங்கள்.

கோதுமையும் மைதாவும் ஆகாதவர்களுக்கு என்ன வழி?

குச்சிக்கிழங்கு என்னும் மரவள்ளிக்கிழங்கு இருக்கும்போது சேலத்துக்காரர்கள் கவலைப்பட வேண்டியதில்லை. சமையலுக்கென்று விற்கும் கிழங்கை வாங்கி, தோலை உட்தோலோடு முழுதாக நீக்கி, விரல் நீளத் துண்டுகளாக வெட்டி, நிறையத் தண்ணீரில் மூடாமல் வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். இயற்கையாகக் கிழங்கில் உள்ள நச்சுத்தன்மையைப் போக்க இது கட்டாயம். பாஸ்தாவைப் போல அரைவேக்காட்டில் எடுக்காமல் நன்றாகவே வேகட்டும். மீதியெல்லாம் அதே முறை, அதே அளவு, கிழங்கு மட்டும் 500 கிராம். ஜவ்வரிசியைக் கொண்டு செய்யலாமா என்றும் கேட்கிறார்கள். சூட்டில் அது ஒன்றோடொன்று ஒட்டிப் பசையாகிவிடும் என்பதால் பரிந்துரைக்க மாட்டேன்.

மேலே மொறுமொறுப்பு வேண்டுமென்றால்?

தட்டுவடையை ஒன்றிரண்டாக நொறுக்கிக் கடைசி ஐந்து நிமிடத்தில் தூவுங்கள். அதற்கு முன்பே போட்டால் கருகும். தட்டுவடையில் உப்பும் காரமும் உண்டு, எனவே சாஸில் இரண்டையும் சற்றுக் குறைத்துக்கொள்ளுங்கள். ரொட்டித்தூளைவிட இது நெடுநேரம் மொறுமொறுப்பாக நிற்கிறது.

இதோடு என்ன பரிமாறுவது?

கனமான உணவு என்பதால் வெள்ளரி, கேரட், எலுமிச்சைச் சாறு கலந்த பச்சைக் காய்க் கலவையே போதும். ஏற்காட்டில் பட்டர் ஃப்ரூட் கிடைக்கும் பருவத்தில் அதை வெட்டி, உப்பும் மிளகும் தூவிப் பக்கத்தில் வைக்கலாம். கேசரோலுக்குள் வைத்துச் சுடாதீர்கள், நெடுநேரச் சூட்டில் அது கசந்துவிடும்.

மீந்ததை எத்தனை நாள் வைத்திருக்கலாம்?

சமைத்த உணவை வெளியில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்கக் கூடாது. சேலத்துக் கோடையில் அறை வெப்பம் 32 டிகிரியைத் தாண்டும் நாள்களில் ஒரு மணி நேரமே எல்லை. குளிர்சாதனப் பெட்டியில் மூன்று நாள் நன்றாக இருக்கும். மறுபடி சூடாக்கும்போது ஒரு பங்குக்கு ஒரு மேசைக்கரண்டி பால் தெளித்து, மூடி, நடுப்பகுதி வரை ஆவி பறக்கச் சூடாக்குங்கள். உறையவைப்பதென்றால் ஒவ்வொருவருக்கும் ஒரு பங்காக வெட்டித் தனித்தனியே வையுங்கள். தேவையானதை முந்தைய இரவே குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டுக்கு மாற்றினால் மறுநாள் மாலை சூடாக்கத் தயாராக இருக்கும்.